பாட்டும் தாளமும் தந்த துறவி: தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள்

இயல், இசை, நாடகம் என்று தமிழை மூன்றாக வகுத்துப் போற்றினர் நம் முன்னோர். ஆயினும் கல்விக்கூடங்களிலே இயற்றமிழுக்கு இட்ட ஆசனம் ஏனைய இரண்டுக்கும் எளிதிற் கிடைத்ததில்லை. இசை பயில்வோன் பொழுதுபோக்குபவன் என்றும், நாடகம் ஆடுவோன் கூத்தாடி என்றும் கருதப்பட்ட காலம் நெடிது. அக்காலத்திலே, முறையாகத் தமிழிலக்கணம் கற்ற புலவர் ஒருவர், கணக்கெழுதும் உத்தியோகத்தைத் துறந்து நாடகக் கொட்டகையினுள் நுழைந்தார். முப்பது ஆண்டுகள் அங்கேயே வாழ்ந்தார். பொருளும் இல்லமும் மனைவி மக்களும் இன்றி அங்கேயே முடிந்தார். நாடகத் தமிழின் தலைமையாசிரியர் என்று பிற்காலத்தார் கொண்டாடும் தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகளே அவர். அன்னாரது வரலாற்றை நம் கல்லூரியின் பழைய மாணவரும் இந்நாள் மாணவரும் அறிந்துகொள்ளுதல் பயனுடைத்தாகும்.

புத்தூர், ஆவரங்கால், நவக்கிரி, அச்சுவேலி முதலிய எமது ஊர்களிலே பிறந்தோர்க்கு இப்பெயர் புதிதாகத் தோன்றலாம். அவர் வகுத்த நாடகமுறை புதிதாகத் தோன்றாது. கோயில் வீதியிலே கொட்டகையிட்டு, ஆர்மோனியமும் மிருதங்கமும் முழங்க, இராசபார்ட்டுக்காரர் உச்சக் குரலெடுத்துப் பாடிக்கொண்டு திரைக்குப் பின்னாலிருந்து வெளிப்படும் நாடகத்தை எம்மவர் கொட்டகைக் கூத்து என்றும், இசை நாடகம் என்றும், ஸ்பெஷல் நாடகம் என்றும் வழங்கினர். பாயை விரித்துப் பிள்ளைகளை உறங்கவைத்து, விடியுமட்டும் விழித்திருந்து கேட்ட தலைமுறைகள் பல. அவ்வாறு கேட்டோருட் பலர் பாடல்களை மனனமாக அறிந்திருந்தனர்; பாடலைச் செய்தவரை அறிந்தோர் சிலரே. நிலாவரைக் கேணியில் நீர் மொள்வோர் அதன் ஊற்றுக்கண்ணை எண்ணிப் பார்ப்பதில்லை, அஃதொத்ததே இதுவும்.

சங்கரதாசர் 1867ஆம் ஆண்டு செப்டெம்பர் 7ஆம் நாள், தூத்துக்குடியை அடுத்த காட்டுநாயக்கன்பட்டியிற் பிறந்தார். தந்தையார் தாமோதரர்; தாயார் பேச்சியம்மாள். பெற்றோர் இட்ட பெயர் சங்கரன். தந்தையார் இராமாயணத்தில் வல்லவர். பிள்ளைக்கு முதலாசிரியர் அவரே. இளமையிலேயே மகனிடத்துப் பாட்டுணர்ச்சி மிகுந்திருத்தலைக் கண்டு, பழனி தண்டபாணி சுவாமிகளிடம் அவனை ஒப்புவித்தார். அங்கே உடன் பயின்றவர் பின்னாளிற் புகழ்பெற்ற உடுமலை முத்துசாமிக் கவிராயர்.

இவ்வாசிரியர் யார் என்பதை இங்குச் சற்றே நின்று நோக்கல் வேண்டும். வண்ணச்சரபம் என்னும் சிறப்புப் பெயர் பெற்றவர் தண்டபாணி சுவாமிகள். வண்ணம் என்பது ஓசையளவிற் சிறிதும் பிறழாது, குறிலும் நெடிலும் வல்லினமும் மெல்லினமும் வகுத்த இடத்தில் வகுத்தவாறே வந்து விழும் பாட்டு. அருணகிரிநாதர் திருப்புகழிற் காட்டிய வழி அது. வண்ணம் பாடப் பழகியவன், பொருளை நினைக்குமுன்னரே தாளத்தை நினைக்கப் பழகுகின்றான். மத்தளத்திற் கையால் எழுப்புவதை நாவால் எழுப்புகின்றான். ஆகவே சங்கரதாசரது தாள அறிவு தமிழ்ப் பாடத்திலிருந்தே தொடங்கியது எனல் மிகையன்று. பதினாறு வயதிற்குள் வெண்பாவும் கலித்துறையும் இசைப்பாட்டும் இயற்றும் ஆற்றல் அவருக்கு வாய்த்தது.

எனினும் புலமை சோறிடாது. தூத்துக்குடி உப்புப் பண்டகசாலையிற் கணக்கராக அமர்ந்தார். மாதச் சம்பளமும் மதிப்பும் உடைய வேலை அது. அதனை 1891இல், தமது இருபத்துநான்காம் வயதில் அவர் உதறினார். அவ்வாண்டு தமிழ் நாடகத்திற்கே ஒரு திருப்பமான ஆண்டு. பேராசிரியர் சுந்தரம்பிள்ளை அவர்களின் மனோன்மணீயம் அச்சில் வெளிவந்தது அவ்வாண்டிலேதான். பம்மல் சம்பந்த முதலியார் சென்னையிற் சுகுணவிலாச சபையைத் தொடங்கியதும் அவ்வாண்டிலேதான். முன்னது கற்றோர் வாசித்து மகிழும் நாடகம்; பின்னது ஆங்கிலங் கற்ற கனவான்கள் ஓய்வுநேரத்தில் ஆடிய நாடகம். சங்கரதாசர் புகுந்ததோ மூன்றாவது வாயில். கூலிக்கு ஆடி வயிறு வளர்க்கும் தொழிலாளரின் வாயில். அவ்வழியே சென்றவர் எவரும் அக்காலத்தில் ஊரார் வாயிற் படாமல் தப்பியதில்லை.

அந்நாளைய தொழில்முறை நாடகத்தின் நிலையை உணர்ந்தாலன்றி அவர் செய்தது இன்னதென விளங்காது. தெருக்கூத்து வெட்டவெளியில் ஆடப்பட்டு வந்தது. வடநாட்டுப் பார்சிக் கம்பெனிகளைப் பார்த்துச் சித்திரத் திரைகளும், மூடிய கொட்டகையும், கட்டணச் சீட்டும் தமிழகத்திற்கு வந்தன. மேடை வந்ததேயன்றி அதற்குரிய தமிழ்ப் பிரதி வந்திலது. நடிகர் தத்தமக்குத் தெரிந்த பாடல்களைப் பாடினர். வாய்க்கு வந்ததைப் பேசினர். எதிரே நிற்பவரை மடக்கினால் கைதட்டல் கிடைக்கும் என்பதால் கதையை விட்டு விலகி வசைமொழியிலும் இறங்கினர். இக்குறையை உள்ளே நின்று திருத்துவதே தம் பணி என்று சங்கரதாசர் மேற்கொண்டார்.

தொடக்கத்தில் அவர் இராமுடு ஐயர், கல்யாணராமையர் ஆகியோரின் சபையில் நடிகராகவும் ஆசிரியராகவும் விளங்கினார். இரணியன், இராவணன், இயமன், சனீசுவரன் என்னும் வேடங்கள் அவருடையன. கம்பீரமான உடலும் இடியன்ன குரலும் வாய்ந்தவராதலின் அவ்வேடங்களிலே கண்டோர் நடுங்கினர். அந்நடுக்கமே அவரது நடிப்பு வாழ்க்கைக்கு முடிவாயிற்று. வேடங் கலையாத கோலத்தில் விடியற்காலையில் அவரை எதிர்ப்பட்டும், அரங்கில் இயமனாக வந்தபோது கண்டும், பெண்கள் அஞ்சிக் கேடுற்றனர் என்று அவர் வரலாறு எழுதினோர் கூறுவர். பிறர் இதனைத் தம் நடிப்பின் வெற்றி என்று பறைசாற்றியிருப்பர். அவரோ அரிதாரத்தையே விட்டொழித்தார். தன் திறமை பிறர்க்குத் தீங்காகுமெனின் அத்திறமையைத் துறத்தலே அறம் என்பது அவர் கொண்ட முடிவு. அதன்பின் மேடையிற் கதையைத் தொடுத்துச் சொல்லும் சூத்திரதாரராகவும், திரைமறைவில் நின்று பாடஞ் சொல்லும் ஆசிரியராகவுமே அவர் இருந்தார்.

பின்னர் சிலகாலம் அவர் நாடகத்தையும் விட்டுத் தலயாத்திரை சென்றார். துவராடையும் தலங்கள்தோறும் முருக வழிபாடுமாகத் திரிந்தமையால் அன்றுமுதல் சுவாமிகள் என்னும் பெயர் நிலைத்தது. அவ்வாறு திரிந்தவரைத் தடுத்து மீண்டும் கலையுலகத்திற்குத் தந்தவர் புதுக்கோட்டை மான்பூண்டியா பிள்ளை. சுவாமிகளின் வாழ்க்கையில் இது நடுநாயகமான நிகழ்ச்சியாகும்.

மான்பூண்டியா பிள்ளை விளக்குப் பிடிக்கும் எளிய ஊழியத்திலிருந்து எழுந்து, தென்னாட்டு லயவித்துவான்களுக்கெல்லாம் தலைவரானவர். மாரியப்பத் தவில்காரரிடம் தாளவித்தை கற்றவர். பசனைக் கூட்டங்களிலே தட்டப்பட்டு வந்த கஞ்சிராவைச் செப்பஞ்செய்து, கச்சேரி மேடையில் மிருதங்கத்திற்கு ஒப்ப அமர்த்தினவர் அவரே. கஞ்சிரா பார்வைக்கு மிகச் சிறியது. பலாமரத்தாலான வளையம், ஒருபுறம் உடும்புத் தோல், வளையத்திற் சில சிறு காசுகள். ஒரு கையிற் பிடித்து மறு கையால் தட்டுவதன்றி வேறு வசதி இல்லை. தோலிற் சிறிது நீர் தடவிச் சுருதியை இறக்கியும், பிடித்த கையின் விரலால் தோலை அழுத்தியும் அதிலே கும்காரம் எழுப்புதல் அரிய வித்தை. இத்துணைச் சிறு கருவியைக்கொண்டு பெருஞ்சபைகளை வென்றமையாலே புதுக்கோட்டைச் சம்பிரதாயம் என்று ஒரு தாளமரபே தோன்றிற்று. புதுக்கோட்டைத் தட்சிணாமூர்த்தி பிள்ளையும் பழனி முத்தையா பிள்ளையும் அம்மரபில் வந்தோர்.

இத்தகைய மேதை சுவாமிகளைத் தம் மகனாகவே ஏற்றுத் தம் இல்லத்தில் இருத்தினார். இசை நுட்பங்களையும் தாளக் கணக்குகளையும் புகட்டினார். மேடையேறி வாத்தியம் முழக்கும் தொழிலைச் சுவாமிகள் மேற்கொண்டாரல்லர். எனினும் கஞ்சிராக்காரர் வீட்டிற் பெற்ற லயப்பயிற்சி அவர் எழுதுகோலில் இறங்கிற்று. அவர் பாடல்களைப் பாடிப் பார்த்தோர் இதனை உடனே உணர்வர். எடுப்பு விழும் இடம், சீர் முறியும் இடம், தனிச்சொல் நிற்கும் இடம், அடி திரும்பி வந்து பல்லவியிற் சேரும் இடம் ஆகிய யாவும் மிருதங்கக்காரரின் கைக்கு இசைய அமைந்துள்ளன. வேகமாக உரையாடவேண்டிய தர்க்கப் பாட்டிற் சொற்கள் சிறுத்து நெருங்கும். புலம்பலிலே நெடிலெழுத்துக்கள் நீண்டு நிற்கும். போர்க் காட்சியில் வல்லின மெய்கள் ஒன்றோடொன்று மோதும். பக்கவாத்தியம் பாட்டைத் தேடிச் செல்லவேண்டுவதில்லை. பாட்டே வாத்தியத்தை அழைத்துச் செல்லும்.

அவரது பாட்டுக்கு மூன்று ஊற்றுக்கள் உண்டு எனலாம். ஒன்று, தண்டபாணி சுவாமிகள் தந்த வண்ணம். மற்றொன்று, மான்பூண்டியா பிள்ளை தந்த லயம். மூன்றாவது, ஆசிரியர் எவரும் தராதது. வயலிலும் வழியிலும் பாடப்பட்ட மக்கள் பாட்டு. காவடிச்சிந்து, வழிநடைச்சிந்து, நொண்டிச்சிந்து, கும்மி, தெம்மாங்கு, தாலாட்டு, ஒப்பாரி ஆகிய மெட்டுக்களை அவர் இழிவென ஒதுக்கவில்லை. கீர்த்தனையும் விருத்தமும் வெண்பாவும் வரும் மேடையிலேயே அவற்றையும் ஒப்ப இருத்தினார். புலவர் சபையில் வண்ணம் பாட வல்லவர், ஏற்றம் இறைப்போனும் ஏர் பிடிப்போனும் மறுநாட் காலையிற் பாடிக்கொண்டு போகக்கூடிய சிந்தினைப் பாடினார். அவரது வெற்றியின் மறைபொருள் இதுவே.

இம்மூன்றும் ஒன்றுபட்ட சிறந்த இடம் வள்ளி திருமணம். யாழ்ப்பாணத்தவராகிய எமக்கு அக்கதை அந்நியமன்று. கோயில்கள்தோறும் கந்தபுராணம் படித்துப் பயன்சொல்லும் வழக்கம் உடையவர் நாம். அப்புராணத்தின் நிறைவாக வருவது வள்ளியம்மை திருமணப் படலமே. கச்சியப்பர் விருத்தத்திற் பாடியதைச் சுவாமிகள் மேடைக்குரிய தர்க்கமாக மாற்றினார். தினைப்புனத்திற் குருவி ஓட்டும் வள்ளியின் ஆலோலம் மக்கள் பாட்டின் மெட்டில் வரும். நாரதர் வந்து தூண்டுதலும், வேலன் வேடனாகவும் விருத்தனாகவும் வந்து வாதாடுதலும் கேள்வியும் விடையுமாகப் பாட்டிலேயே நிகழும். வாதத்தில் இருவரும் சளைக்காது பாடுவராயின் இராப்பொழுது போவதே தெரியாது. தத்துவம் அறிந்தவன் அதிலே சீவான்மா பரமான்மாவைக் காண்பான். அறியாதவன் ஒரு குறப்பெண்ணின் வாய்த்திறத்தைக் கண்டு சிரிப்பான். இருவருக்கும் இடமளித்த நாடகம் அது.

அவர் இயற்றிய நாடகங்கள் நாற்பதிற்கு மேற்பட்டன. பவளக்கொடி, அல்லி அருச்சுனா, சத்தியவான் சாவித்திரி, சதி சுலோசனா, பிரகலாதன், சிறுத்தொண்டர், கோவலன், லவகுசா, நல்லதங்காள் முதலியன பேர்பெற்றவை. கிறித்தவக் கதையாகிய ஞானசௌந்தரியையும் அவர் நாடகமாக்கினார். ஷேக்ஸ்பியரின் கதைகளையும் தமிழ் மேடைக்குக் கொணர்ந்தார். சிலப்பதிகாரத்தை உ. வே. சாமிநாதையர் 1892இற் பதிப்பித்து வெளியிட்டார். ஆயினும் நூல் வாங்கிப் படிக்க இயலாத பாமர மக்கள் கோவலனையும் கண்ணகியையும் அறிந்தது பெரிதும் கதைப்பாட்டாலும் மேடையாலுமே. படிப்பறிவு பரவாத நாட்டிலே நாடகக் கொட்டகை இராப் பாடசாலையாக விளங்கிற்று என்று கூறினும் பொருந்தும்.

புதுக்கோட்டையிலிருந்து மீண்ட சுவாமிகள் வள்ளி வைத்தியநாதையர், அல்லி பரமேசுவர ஐயர், வேலு நாயர் முதலியோரின் சபைகளில் ஆசிரியராக இருந்தார். 1910இல் சமரச சன்மார்க்க நாடக சபை என்னும் பெயரில் தாமே ஒரு குழுவை நிறுவினார். பிற்காலத்தில் தம் குரலால் தென்னாட்டையே மயக்கிய எஸ். ஜி. கிட்டப்பா சிறுவனாகப் பயிற்சி பெற்றது அவரிடத்திலேயாம்.

ஆயினும் வளர்ந்த நடிகரைத் திருத்துதல் அரிது என்பதை அவர் நாளடைவிற் கண்டார். எழுதிக் கொடுத்த பிரதியை விட்டு விலகிப் பேசுதலையே பெருமையாகக் கருதியவர் பலர். எனவே சிறுவர்களைக்கொண்டு நடத்தும் பாலர் சபைகளிலே அவர் நம்பிக்கை வைத்தார். 1918இல் மதுரையில் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபை தோன்றிற்று. அதன் ஆசிரியர் சுவாமிகள். அவ்வாண்டிலேயே டி. கே. எஸ். சகோதரர்கள் எனப் பின்னர் புகழ்பெற்றோர் அதிற் சேர்ந்தனர். அவருள் டி. கே. சண்முகத்திற்கு அப்போது வயது ஆறு.

பாலர் சபையின் வாழ்க்கை எளிதன்று என்பதையும் மறைத்தல் தகாது. வறிய குடும்பத்துப் பிள்ளைகள் பெற்றோரைப் பிரிந்து, ஊரூராகச் சென்று, இரவெல்லாம் ஆடிப் பகலிற் பாடம் படித்தனர். பெண்வேடமும் அவர்களே புனைந்தனர். பிரம்படியும் உண்டு. மகரக்கட்டு என்று சொல்லப்படும் குரலுடைவு வந்துவிட்டால், நேற்றுவரை இராசகுமாரனாக நின்றவன் இன்று திரை இழுப்பவனாதலும் கூடும். பள்ளிக்கூடத்தில் இருக்கவேண்டிய வயதிலே கொட்டகையில் இருந்தமையைக் குறையென்று கூறுவாரும் உளர், அக்கூற்றில் உண்மையுண்டு. ஆயினும் பள்ளிக்கூடத்தின் வாயிலையே காணக் கிட்டாத பிள்ளைகளாகவே அவருட் பலர் இருந்தனர். அவர்களுக்கு எழுத்தும், இலக்கியமும், தாளமும், தெளிந்த உச்சரிப்பும், ஒழுங்கும் கற்பித்த பள்ளி அதுவே. சுவாமிகள் கண்டிப்பானவர், அதேவேளை தமக்கென ஒரு காசும் சேர்க்காது அப்பிள்ளைகளையே தம் பிள்ளைகளாகக் கொண்டவர்.

அவர் கவிபாடும் விரைவு வியப்பிற்குரியது. பாலர் சபைக்காக அபிமன்யு சுந்தரி என்னும் நாடகத்தை ஒரே இரவில் இருந்து எழுதி முடித்தார் என்றும், அடித்தலும் திருத்தலும் அதில் இல்லை என்றும் சண்முகம் பதிவு செய்துள்ளார். அந்நாடகத்தில் அபிமன்யுவாக நடித்த சிறுவர் அவரே. பாரதத்தையும் இராமாயணத்தையும் தேவார திருவாசகங்களையும் திருக்குறளையும் நெஞ்சில் நிறுத்தியிருந்தமையாலும், தாளம் உள்ளே இடையறாது ஓடிக்கொண்டிருந்தமையாலுமே இஃது இயன்றது.

விதியின் செயலை என்னென்பது! 1921இல் அவரைப் பக்கவாதம் பற்றிற்று. கைகால் முடங்கின, அதனினுங் கொடிது, வாக்கு அடங்கிற்று. இராவணனாக நின்று கொட்டகையை அதிரச் செய்த குரல், நூற்றுக்கணக்கான சிறுவர்க்கு அட்சரம் பிறழாது பாடஞ் சொன்ன நா, ஒரு சொல்லைக்கூட உருவாக்க மாட்டாதாயிற்று. அந்நிலையிலும் சபை அவரைக் கைவிடவில்லை; அவரும் சபையைப் பிரியவில்லை. அவர் கற்பித்த பாடல்களைப் பிள்ளைகள் பாடினர். வாய்பேசா ஆசிரியர் கேட்டுக்கொண்டிருந்தார். 1922ஆம் ஆண்டு நவம்பர் 13ஆம் நாள் திங்கட்கிழமை இரவு, புதுச்சேரியில், தமது ஐம்பத்தைந்தாம் வயதில் அவர் உலக வாழ்வை நீத்தார். அந்நகரைச் சார்ந்த கருவடிக்குப்பத்தில் அவருடல் அடக்கஞ் செய்யப்பட்டது.

அவர் மறைந்தபின் நிகழ்ந்தவற்றை நோக்கினால் விதைத்தவன் உறங்கினும் விதை உறங்காது என்பது புலனாகும். டி. கே. எஸ். சகோதரர்கள் 1925இல் தமக்கெனச் சபை நிறுவி நெடுங்காலம் நாடகப்பணி ஆற்றினர், கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் வளர்ந்ததும் அச்சபையிலேதான். சண்முகம் தம் ஆசிரியரின் வரலாற்றை எழுதியும் நாடகங்களைத் தேடிப் பேணியும் மாணாக்கர் கடனைத் தீர்த்தார். தமிழ்ப் பேசும்படம் தோன்றியபோது அதற்குக் கதையும் பாட்டும் நடிகரும் கொடுத்தது இம்மேடையே. எம். கே. தியாகராஜ பாகவதர் முதன்முதலிற் படத்தில் தோன்றிய பவளக்கொடி, 1934இல், மேடையிலிருந்து திரைக்குச் சென்றதாகும்.

இலங்கைக்கும் இவ்விதை வந்து வீழ்ந்தது. இந்தியாவிலிருந்து கப்பலேறி வந்த நாடகக் குழுக்கள் கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் கொட்டகையிட்டு ஆடின. கிட்டப்பாவும் கே. பி. சுந்தராம்பாளும் முதன்முதலிற் சந்தித்தது 1926இல், கொழும்பு நாடகமேடையிலேதான். மறுவருடம் அவர்கள் மணம் புரிந்துகொண்டனர். வந்தவர்களைக் கண்டும் கேட்டும் எம்மவரும் கற்றனர். இறக்குமதியாகிய கலை, எமது அண்ணாவிமாரின் கூத்துக் குரலோடு கலந்து, யாழ்ப்பாணத்திற்கே உரிய இசை நாடகமாகிற்று. அதற்கு முடிசூட்டியவர் காங்கேசன்துறை நடிகமணி வி. வி. வைரமுத்து. 1924இற் பிறந்து 1989இல் மறைந்த அவர், பாட்டோடு வாத்தியப் பயிற்சியும் உடையவர். மயான காண்டத்தில் அரிச்சந்திரனாக அவர் சுடலை காத்து நின்றபோது கண்ணீர் விடாதார் இலர். அவரது வசந்த கான சபை செல்லாத ஊர் குடாநாட்டில் அரிது.

மறுபக்கத்தையும் கூறுதல் வேண்டும். பம்மல் சம்பந்த முதலியாரைக் குருவாகக் கொண்ட கலையரசு சொர்ணலிங்கம் யாழ்ப்பாணத்திற் கற்றோர் நாடகத்தை வளர்த்தார். இரவெல்லாம் பாடுதலும், இறக்கும் தறுவாயிலும் இராகம் விரித்தலும் இயற்கைக்கு மாறு என்று அவ்வழியினர் குறை கண்டனர். 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் கர்ணன் போர், இராவணேசன் முதலிய கூத்துக்களைப் பல்கலைக்கழக மேடையேற்றி நாட்டுக்கூத்திற்குப் புதுமதிப்புத் தந்தார். கற்றோர் நாடகத்திற்கும் ஆதரவு கிடைத்தது. கிராமத்துக் கூத்திற்கும் ஆய்வாளர் கிடைத்தனர். இடையில் நின்ற இசை நாடகமோ, கூத்தளவு பழையதன்று, நவீன நாடகமளவு புதியதன்று என்று இருசாராராலும் நெடுங்காலம் போதிய கவனம் பெறாதிருந்தது. ஊர்ச்சனங்களே அதனை வாழவைத்தனர்.

குறைகள் சில உண்மையே. பாட்டு மிகுந்து கதை தேங்குதல் உண்டு. பபூன் வேடத்தார் அளவிறந்து பேசுதலும் உண்டு. ஆனால் மதுரையிலும் புதுக்கோட்டையிலும் வழங்கும் ஸ்பெஷல் நாடகத்தில் நிகழும் ஓர் அற்புதத்தை இக்குறை கூறுவோர் எண்ணுதல் நன்று. இராசபார்ட் ஓர் ஊரினர், ஸ்திரீபார்ட் வேறூரினர், ஆர்மோனியக்காரரும் மிருதங்கக்காரரும் பிறிதோர் ஊரினர். அன்றிரவுதான் ஒருவரையொருவர் காண்பர். ஒத்திகை என்பதே கிடையாது. எனினும் திரை உயர்ந்ததும் வள்ளி பாடினால் வேலன் பதிலிறுப்பான். பல்லவி திரும்பும் இடத்தில் மிருதங்கம் தவறாது விழும். யாவரும் கற்றது ஒருவர் இயற்றிய பிரதியையே ஆதலின் இது கைகூடுகிறது. ஒருவர் எழுதிய பாட்டு, நூறாண்டு கடந்தும், முன்பின் அறியாதாரை ஓரிரவுக்கு ஒரு குடும்பமாக்குகின்றது. நடிகர் சங்கத்தார் ஆண்டுதோறும் அவர்க்குக் குருபூசை நடத்துதல் இந்நன்றியினாலேயே.

அவரது நாடகங்களிற் பாதிக்கு மேற்பட்டவை இன்று பெயரளவிலே நிற்கின்றன. அச்சேறாத கையெழுத்துப் பிரதிகள் சபைகளோடு அலைந்து அழிந்தன. வாய்மொழியாக வாழ்ந்தவை பாடுவோரோடு மறைந்தன. எமது நாட்டிலும் இதுவே கதை. போர்க்காலத்தில் இடம்பெயர்ந்தோர் வீட்டுப் பெட்டகங்களில் இருந்த கொப்பிகள் எத்தனையோ திரும்பக் கிடைக்கவில்லை. கொட்டகையில் மிருதங்கம் வாசித்த முதியோரும் பின்பாட்டுப் பாடியோரும் ஒருவர் பின் ஒருவராகச் செல்கின்றனர். இராகத்தைக் குறியீட்டில் எழுதிவிடலாம். ஒரு சிந்தின் மூன்றாஞ் சீரில் மிருதங்கம் எவ்வாறு மூச்சுவிட்டு நிற்கும் என்பதை, அதை வாசித்த கையே காட்டுதல் வேண்டும்.

ஆதலின் கல்லூரி விழாக்களிலே மேனாட்டு நாடகமும் நவீன நாடகமும் ஆடும் மாணவர், ஆண்டிற்கு ஒருமுறையேனும் வள்ளி திருமணத்திலோ பவளக்கொடியிலோ ஒரு காட்சியை முறைப்படி பயின்று மேடையேற்றுவாராக. தமிழாசிரியரும் சங்கீத ஆசிரியரும் ஒருங்கிருந்து சிந்தின் யாப்பினையும் தாளத்தினையும் சேர்த்துக் கற்பிப்பாராக. யாப்பிலக்கணத்தைக் கசப்பு மருந்தென விழுங்கும் மாணவனுக்கு, கஞ்சிராவோடு கூடிய ஒரு காவடிச்சிந்து அதனைக் கனியாக்கித் தரும். ஊர்களில் எஞ்சியுள்ள முதிய கலைஞரை நாடி, அவர் பாடுவதையும் வாசிப்பதையும் ஒலியாகவும் படமாகவும் பதிந்து கல்லூரி நூல்நிலையத்திற் சேர்த்தல் பழைய மாணவர் சங்கத்தாற் செய்யக்கூடிய பணியே. அதற்குப் பெருஞ்செல்வம் வேண்டுவதில்லை. கைத்தொலைபேசியும் ஒரு மாலைப்பொழுதும் போதும்.

சுவாமிகள் உத்தியோகத்தைத் துறந்தார், வேடத்தைத் துறந்தார், இல்லறத்தைத் துறந்தார், இறுதியிற் குரலையும் இழந்தார். துறவாததும் இழவாததும் பாட்டு ஒன்றே. கற்றவரென்றும் கல்லாதவரென்றும் பாராது, வீதியிலே பாய்விரித்திருந்த அனைவர்க்கும் அதனை வழங்கினார். கல்விக்கூடம் ஒன்றின் நோக்கமும் அதுவே அன்றோ? கற்றதைக் கல்லாதார்க்கும் இனிக்கும்படி வழங்கும் அப்பண்பு எமது கல்லூரி மாணவரிடத்தும் தழைக்குமாறு செந்திற் கந்தனை வணங்கி அமைகின்றோம்.